முசுகுந்தன் உறங்கிய குகை

தில்லியிலிருந்து சென்னைக்கு வண்டியேறும் நம்மவர்கள், ஆக்ராவைத் தாண்டிச் சம்பல் நதியை எட்டுமுன் தோல்பூர் என்னும் நிலையத்தைக் கடக்கின்றனர். பெரும்பாலோர் அப்போது சோற்று மூட்டையை அவிழ்த்துக்கொண்டோ உறங்கிக்கொண்டோ இருப்பர். அவ்வூரை அடுத்து மச்குண்ட் என்றொரு திருக்குளம் உண்டு. கரையைச் சுற்றிலும் கோயில்கள். முசுகுந்த மன்னன் யுகக்கணக்கில் உறங்கிய இடம் இதுவே என்பது அவ்வூரார் நம்பிக்கை. சௌராஷ்டிரத்தார் இதனை ஒப்பார். கிர்நார் மலையடியில் தங்கள் முசுகுந்தன் குகையைக் காட்டுவர். காலமே நடவாத குகை ஒன்று கற்பனையில் இருக்குமாயின், அது இரண்டு ஊர்களில் இருப்பதற்குத் தடை என்ன?

திருவாரூர்ப் பக்கத்தாருக்கு முசுகுந்தன் அயலானல்லன். இந்திரனுக்குப் போரில் துணைநின்று, தியாகராசப் பெருமானையும் ஏனைய ஆறு விடங்கர்களையும் பூவுலகுக்குக் கொணர்ந்த சக்கரவர்த்தி என்று நம் தலபுராணம் அவனைப் போற்றும். பாகவதம் கூறும் முசுகுந்தனும் தேவர்களுக்குத் துணைநின்றவனே. ஆனால் அவன் கதை வேறு வழியில் செல்கின்றது.

மாந்தாதாவின் மைந்தனான அவன், அசுரர்க்கு அஞ்சிய தேவர்களைக் காக்கும் பொருட்டு நாட்டையும் வீட்டையும் விட்டுச் சென்றான். நெடுங்காலம் காவல் புரிந்தான். பின்னர் முருகப்பெருமான் தேவசேனாபதியாக அமைந்ததும், "இனி நீ ஓய்வு கொள்ளலாம்" என்று தேவர்கள் விடைகொடுத்தனர். கொடுக்கும்போதே ஓர் உண்மையையும் கூறினர்: உன் மனைவியரும் மக்களும் சுற்றத்தாரும் அமைச்சரும் இப்போது இல்லை, காலம் அவர்களைக் கொண்டுபோய்விட்டது. வீடுபேறு நீங்கலாக எவ்வரம் வேண்டினும் கேள் என்றனர். அவன் உறக்கத்தைக் கேட்டான்.

இக்கதையைப் படிக்குந்தோறும் நான் நின்றுவிடும் இடம் இதுதான். போகவேண்டிய வீடு இல்லாதவன் வேறு எதைக் கேட்பான்?

அதன்பின் நிகழ்ந்தவை பலரும் அறிந்தவை. கண்ணனைத் துரத்திவந்த காலயவனன் குகைக்குள் நுழைந்து, உறங்குபவனைக் கண்ணன் எனக் கருதி உதைத்தான். விழித்த பார்வையில் சாம்பலானான். முசுகுந்தன் கண்ணனை வணங்கி வெளியே வந்தான். மனிதரும் விலங்குகளும் மரங்களுங்கூடச் சிறுத்திருக்கக் கண்டு, கலியுகம் வந்துவிட்டதென உணர்ந்து, வடதிசை நோக்கித் தவத்திற்குச் சென்றான். தன் ஊரை நோக்கிச் சென்றானில்லை.

இது புராணம். ஆயின் மெய்யாகவே ஒருவர் குகைக்குள் புகுந்து காலத்தைத் தொலைத்துவிட்டு வந்ததுண்டு. மிஷேல் சிஃப்ர் என்னும் பிரெஞ்சு நிலவியலறிஞர், 1962ஆம் ஆண்டு ஜூலை மாதத்தில், தமது 23ஆம் வயதில், ஆல்ப்ஸ் மலையில் பனிப்பாறை உறைந்து கிடக்கும் ஸ்கராசோன் என்னும் பாதாளக் குகையில் இறங்கினார். கடிகாரம் இல்லை, சூரியன் இல்லை, கூடாரமும் விளக்கும் ஒரு தொலைபேசியும் உண்டு. விழித்தபோதும் உண்டபோதும் உறங்கப்போகும்போதும் அவர் மேலே இருந்தோருக்குச் சொல்வார். அவர்கள் மணி என்ன என்பதை மறந்தும் அவருக்குச் சொல்லலாகாது.

செப்டம்பர் 14ஆம் நாள் சோதனை முடிந்தது என்று அறிவித்தபோது அவர் நம்பவில்லை. அவர் கணக்குப்படி அன்று ஆகஸ்ட் 20! இருபத்தைந்து நாட்கள் எங்கே போயின? விநாடிக்கு ஒன்றாக 120 வரை எண்ணும்படி அவருக்கு ஒரு சோதனையும் இருந்தது. இரண்டு நிமிடமே ஆயிற்று என்று எண்ணி அவர் எண்ணி முடிக்க, மேலே இருந்த கடிகாரத்தில் ஐந்து நிமிடம் ஓடியிருந்தது.

இதில் விந்தை யாதெனில், அவருடைய உடல் தவறவேயில்லை என்பதாகும். உறக்கமும் விழிப்பும் ஏறத்தாழ இருபத்து நான்கரை மணிக்கொருமுறை ஒழுங்காகவே வந்தன. ஆனால் நெடிய இரவுத் துயிலைச் சிறு கண்ணயர்வு என்று மனம் எண்ணிக்கொண்டது. குகையில் ஒரு நாளை மறுநாளிலிருந்து பிரித்துக்காட்ட எதுவும் இல்லை. நினைவில் தங்குவதற்கு ஒன்றுமில்லாத நாட்கள் ஒன்றன்மேல் ஒன்று படிந்து ஒரே நாளாயின. அவர் அத்துடன் விடாமல், 1972இல் அமெரிக்காவின் டெக்சாஸ் மாநிலத்துக் குகை ஒன்றில் ஏறத்தாழ ஆறு மாதம் தனித்திருந்தார். 2024ஆம் ஆண்டில் காலமானார்.

இவ்வரலாற்றை முதன்முறை படித்தபோது, விந்தை மனிதர் என்று எண்ணிப் புத்தகத்தை மூடிவிட்டேன். நானும் அத்தகையதொரு குகையில் இருப்பது சென்ற மாதந்தான் தெரிந்தது.

ரயில்வே ஊழியனாகிய எனக்கு ஊர் செல்ல இலவசப் பாஸ் உண்டு. ஆகவே, பணமில்லாமையால் போகவில்லை என்று சொல்லவும் வழியில்லை. அன்னையாரைப் பார்த்து வந்து இரண்டாண்டு ஆகியிருக்கும் என்பது என் எண்ணம். வேறொரு காரியமாக என் பாஸ் கணக்கைப் புரட்டியபோது, கடைசியாகத் திருவாரூருக்கு எழுதி வாங்கியது நான்கு ஆண்டுகளுக்கு முன் என்றிருந்தது. எழுதியவர் தவறு செய்திருப்பார் என்றே முதலில் கருதினேன். காலையில் பேருந்து, பகலெல்லாம் பதிவேடு, மாலையில் மீண்டும் பேருந்து. என் நாட்களும் சிஃப்ருடைய நாட்களைப் போலவே ஒட்டிக்கொண்டுவிட்டன.

அன்றிரவு தொலைபேசியில் அன்னையாரிடம், "நான் வந்து எவ்வளவு நாளாயிற்று, அம்மா?" என்று கேட்டேன். அவர் ஒரு கணமும் யோசிக்கவில்லை.

"நாலு தீபாவளி ஆச்சு. போன தேருக்கு வர்றேன்னே. கிணத்தடி முருங்கை புயல்ல விழுந்துச்சு, அப்பவும் வரலே. எனக்குக் கண்ணுல பொறை எடுத்தாங்க, அப்பவும் வரலே" என்றார். குறைகூறும் குரலில் அன்று. கணக்குக் கேட்டவனுக்குக் கணக்குச் சொல்லும் குரலில்தான்.

எட்டாம் வகுப்புவரை படித்த அவரிடம் பதிவேடு எதுவும் இல்லை. தேரும் புயலும் முருங்கையும் அவருக்கு நாட்களைப் பிரித்துக் காட்டிக்கொண்டிருந்தன. காத்திருந்தவர் ஆதலால் ஒன்றும் தவறவில்லை.

விடுப்புக்கு விண்ணப்பம் எழுதிக் கொடுத்துவிட்டேன். தையில் இருபது நாள். பாஸும் வந்துவிட்டது; நான்கு பேருக்கு. தோல்பூர் வரும்போது இருட்டிவிடும். பிள்ளைகள் உறங்கினாலும் எழுப்பிக் காட்டுவதாக இருக்கின்றேன்.