ரிசார்ட்டில் கல்யாண வரவேற்பு: இலைக் கணக்கை முதலில் போடுவோம்

நம் வணிகர் வீடுகளில் கல்யாணம் கூடிவந்தால் முன்பெல்லாம் முதல் கேள்வி, எந்த மண்டபம் என்பதுதான். அவினாசி சாலையிலோ மேட்டுப்பாளையம் சாலையிலோ ஒரு மண்டபத்தைப் பேசி, சமையலுக்கு ஆள் வைத்து, ரங்கே கவுடர் வீதியில் மளிகைச் சீட்டைக் கொடுத்துவிட்டால் பாதி வேலை முடிந்த மாதிரி. இப்போது பிள்ளைகள், "எந்த ரிசார்ட்டுங்கப்பா?" என்று கேட்கிறார்கள். அதைக் குற்றம் சொல்வதற்கில்லை. வீட்டுக்கு ஒன்றோ இரண்டோதான் பிள்ளைகள். ஆசைப்பட்டபடி செய்து பார்ப்போம் என்றுதான் பெற்றவர்களுக்கும் தோன்றுகிறது.

வியாபாரிகளாகிய நமக்குக் கல்யாணம் வரவும்தான், செலவும்தான். 2023ஆம் ஆண்டு நவம்பர் 23 முதல் டிசம்பர் 15 வரை நாடு முழுவதும் 38 லட்சம் கல்யாணங்கள் நடக்கும், 4.74 லட்சம் கோடி ரூபாய்க்கு வியாபாரம் ஆகும் என்று அகில இந்திய வர்த்தகர்கள் கூட்டமைப்பு மதிப்பிட்டது. நகை, ஜவுளி, மளிகை, பாத்திரம் என்று அதில் நம் பங்கும் உண்டு. ஆனால் கல்லாவுக்கு அந்தப் பக்கம் நின்று நாமே பணம் கட்டும்போது, கடையில் போடும் கணக்கை மறந்துவிடுகிறோம். நாங்களும் மறந்தோம்.

எங்கள் மகள் கல்யாணத்தில் முகூர்த்தம் சம்பந்தி வீட்டார் பொறுப்பு, வரவேற்பு எங்கள் பொறுப்பு. மலையடிவாரத்தில் ஒரு பெரிய ரிசார்ட்டைப் பார்த்தோம். புல்வெளி, நீச்சல் குளம், பின்னால் மலை. பெண்ணுக்குப் பிடித்துவிட்டது. இடத்துக்குத் தனியாக வாடகை இல்லை என்று சொன்னதும் எங்களுக்கும் பிடித்துவிட்டது. வாடகை இல்லாமல் ஒருவர் இடம் தருகிறார் என்றால் அது எந்தச் சரக்கின் விலையில் ஏறியிருக்கிறது என்று கேட்டிருக்க வேண்டும். முப்பது வருடமாகப் பருப்பு மண்டி நடத்துகிறவர்களுக்கு அது அன்றைக்குத் தோன்றவில்லை.

அது ஏறியிருந்தது இலையில்தான். ஒரு சாப்பாடு 1,200 ரூபாய், குறைந்தது 600 பேருக்கு உத்தரவாதம். வந்தாலும் வராவிட்டாலும் 600க்குக் கட்ட வேண்டும். ஆக 7,20,000 ரூபாய். அதற்கு 18 சதவீதம் ஜி.எஸ்.டி. 1,29,600. மொத்தம் 8,49,600 ரூபாய். அன்று இரவு சாப்பிட்டவர்கள் 430 பேர். வகுத்துப் பார்த்தால் இலை ஒன்று 1,976 ரூபாய் ஆகிறது. இதில் டிரைவர்கள் சாப்பாடு சேர்த்தி இல்லை. அது தனி பில். வெளியிலிருந்து அலங்காரக்காரர் வந்தால் அதற்கு ஒரு கட்டணம், இரவு குறித்த நேரத்துக்கு மேல் ஒவ்வொரு மணிக்கும் ஒரு கட்டணம், ஜெனரேட்டர் டீசல் ஒரு கட்டணம். இவை எல்லாம் அச்சடித்த தாளில் இருந்தன. படிக்காமல் கையெழுத்துப் போட்டது எங்கள் குற்றம்.

ஆகவே இடம் பார்க்கப் போகும் முன்பே பத்திரிகை வைக்கும் பட்டியலை எழுதிவிட வேண்டும். பங்காளிகள், மாமன் மச்சான், பிள்ளைகளின் நண்பர்கள், வியாபாரத் தொடர்பு என்று தனித்தனியாக எழுதி, ஒவ்வொரு பகுதியிலும் நிச்சயம் வருகிறவர்களை மட்டும் கூட்ட வேண்டும். உத்தரவாத எண்ணிக்கையை அந்தக் கூட்டுத் தொகைக்கும் சற்றுக் கீழே பேசுவது நல்லது. கூடுதலாக வந்தால் அதே விலைக்கு எத்தனை இலை வரை போடுவார்கள் என்பதையும் எழுதி வாங்கிக்கொள்ளலாம். குறைத்துச் சொன்னால் மரியாதைக் குறைவு என்று நினைக்க வேண்டியதில்லை.

வரி விஷயத்தில் ஒரு நுணுக்கம் உண்டு. 2025 செப்டம்பர் 22 முதல், அறை வாடகை நாளொன்றுக்கு 7,500 ரூபாய் வரை இருந்தால் வரி 5 சதவீதம். அதற்கு மேல் போனால் 18 சதவீதம். 25 அறைகளை இரண்டு நாளைக்கு 8,000 வீதம் எடுத்தால் 4 லட்சம், வரியோடு 4,72,000. அதே அறைகளை 7,500க்குப் பேசி முடித்தால் 3,75,000, வரியோடு 3,93,750. அறைக்கு 500 ரூபாய் பேரம் பேசியதில் 78,250 ரூபாய் மிச்சம். இதுபோல அறை வாடகை அதிகமுள்ள, வரிச் சட்டப்படி அந்த வகையில் சேர்ந்த விடுதிகளில் சாப்பாட்டுக்கும் 18 சதவீதம். சேராத விடுதியில் இடமும் சாப்பாடும் சேர்த்துப் பேசினால் 5 சதவீதம். "உங்களுடையது எந்த வகை?" என்று கேட்டுவிட்டே விலையை ஒப்பிட வேண்டும். சில நண்பர்கள் பில்லைக் கடைப் பெயரில் போடச் சொல்லி வரியைக் கழித்துக்கொள்ளலாம் என்று யோசனை சொல்கிறார்கள். வீட்டுக் கல்யாணச் செலவுக்கு உள்ளீட்டு வரி வரவு கிடையாது; பின்னால் வட்டியோடு கட்ட வேண்டி வரும்.

ரொக்கத்திலும் எங்களுக்கு ஒரு பாடம் கிடைத்தது. மொய்ப் பணத்தைக் கொண்டு மீதியைக் கட்டிவிடலாம் என்று பையோடு போனோம். காசாளர் கையெடுத்துக் கும்பிட்டார். ஒரே நிகழ்ச்சிக்காக ஒருவரிடமிருந்து 2 லட்சம் ரூபாயோ அதற்கு மேலோ ரொக்கமாக வாங்கக் கூடாது என்பது 2017 ஏப்ரல் 1 முதல் உள்ள வருமான வரி விதி. பல தடவையாகப் பிரித்துக் கொடுத்தாலும் நிகழ்ச்சி ஒன்றுதான். வாங்கியவருக்கு அதே அளவு தொகை அபராதம். அவர் மேல் தவறில்லை. இரவு பதினொரு மணிக்குக் கடைக் கணக்கிலிருந்து பணத்தை மாற்றிவிட்டோம்.

அந்தக் கடைக் கணக்குத்தான் எங்களைக் கடித்தது. ஆவணியில் கல்யாணம், அடுத்து வருவது தீபாவளிக் கொள்முதல். உளுந்தும் துவரையும் பிடிக்க வைத்திருந்த பணத்தில் ரிசார்ட்டின் கடைசித் தவணை போய்விட்டது. அந்த வருடம் சரக்கைக் கடனுக்கு எடுத்தோம். வட்டியையும், ரொக்கத் தள்ளுபடி போனதையும் கூட்டினால், வரவேற்பின் உண்மையான செலவு பில்லில் கண்டதைவிட அதிகம். கல்யாணப் பணத்துக்கு முன்கூட்டியே தனி வங்கிக் கணக்கு தொடங்கிவிட்டால் இந்தத் தொல்லை இல்லை.

ஊட்டி, குன்னூர் பக்கம் நினைக்கிறவர்கள் இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். உயர் நீதிமன்ற உத்தரவுப்படி 2024 மே 7 முதல் நீலகிரிக்குப் போகும் வெளியூர் வாகனங்களுக்கு இ-பாஸ் முறை வந்தது. 2025 கோடையில் வாரநாட்களில் 6,000, வார இறுதியில் 8,000 வண்டிகள் என்று வரம்பும் வைத்தார்கள். நூறு கார் வரும் கல்யாணத்தை அப்படிப்பட்ட நாளில் வைத்தால் பெண் வீட்டார் மேலே, விருந்தாளிகள் மேட்டுப்பாளையத்தில். ஆனைகட்டி, மருதமலை, சிறுவாணிச் சாலைகளிலோ இருட்டினால் யானை நடமாட்டம் உண்டு. காங்கயத்திலிருந்தும் தாராபுரத்திலிருந்தும் வரும் பெரியவர்களை ஏழு மணிக்கே பஸ் ஏற்றி அனுப்ப வேண்டியதாகிறது.

ரத்து செய்தால் என்ன என்ற பகுதியைக் கட்டாயம் படிக்க வேண்டும். 2020 மார்ச்சில் ஊரடங்கு வந்து, பிறகு கல்யாணத்துக்கு 50 பேர் என்று ஆனபோது அட்வான்ஸ் கொடுத்தவர்கள் பட்ட பாடு நமக்குத் தெரியும். அரசு உத்தரவால் நிகழ்ச்சி நின்றால் பணம் திரும்புமா, வேறு தேதிக்கு மாற்றுவார்களா, மாற்றினால் பழைய விலையா என்று மூன்றையும் எழுத்தில் வாங்க வேண்டும்.

வராத 170 பேர் யார் என்று பிறகு பட்டியலைப் பார்த்தோம். பெரும்பாலும் நம்மிடம் சரக்கு எடுக்கும் சில்லறைக் கடைக்காரர்கள். ஒன்பதரைக்குக் கடை அடைத்துவிட்டு முப்பது கிலோமீட்டர் போய்ப் பத்தரைக்குள் எப்படிச் சாப்பிடுவார்கள்? எங்கள் மண்டிச் சுமைக்காரர்கள் வந்தார்கள். வாசல் காவலாளி கார்டு கேட்டதில் நால்வர் திரும்பிப் போய்விட்டார்கள். இது மறுநாள்தான் தெரிந்தது. அடுத்த ஞாயிற்றுக்கிழமை மதியம் ஊருக்குள் சின்ன மண்டபம் எடுத்து, எல்லோருக்கும் ஒப்புட்டோடு இலை போட்டோம். மகளும் மாப்பிள்ளையும் பந்தி பந்தியாக நின்று கவனித்தார்கள்.

வருகிற தையில் பையனுக்குக் கல்யாணம். ரிசார்ட் வேண்டும் என்கிறான். இரண்டு வீட்டு நெருங்கிய சொந்தம், அவன் நண்பர்கள் என்று 150 பேருக்கு மட்டும் பகல் விருந்து அங்கே. உத்தரவாதம் 130 என்று பேசியிருக்கிறோம். வரவேற்பு அவினாசி சாலை மண்டபத்தில், மாலை ஆறு முதல் இரவு பதினொன்று வரை. மளிகைச் சீட்டு எழுதி முடித்தாகிவிட்டது.