நஞ்சியம்மா பாடகி மட்டும்தானா?

2022 ஜூலையில் 68-வது தேசியத் திரைப்பட விருதுகள் அறிவிக்கப்பட்டபோது, சிறந்த பின்னணிப் பாடகியாக அட்டப்பாடி நஞ்சியம்மாவின் பெயர் வந்தது. ஆனைகட்டியைத் தாண்டினால் கோயம்புத்தூர் வந்துவிடும் அந்தப் பாலக்காட்டு மலைப்பகுதியில் ஆடு மாடு மேய்த்து வாழ்ந்த இருளர் பழங்குடிப் பெண் அவர். சச்சி இயக்கிய 'அய்யப்பனும் கோஷியும்' மலையாளப் படப் பாட்டுக்காகக் கிடைத்த விருது அது. முறையாகச் சங்கீதம் பயிலாதவருக்கு இவ்வளவு பெரிய விருதா என்று உடனே சர்ச்சை கிளம்பியது. ஆதரித்தவர்கள் குரலின் மண்வாசனையைச் சொன்னார்கள். இரு தரப்பும் மல்லுக்கட்டியது குரலை வைத்துத்தான். பாட்டின் வரிகளும் அவருடையவைதான், படத்திலும் அவர் பெயரில்தான் இருக்கின்றன என்பது அந்தச் சத்தத்தில் அமுங்கிப்போனது.

கிழக்கே சந்தனமரம் பூத்திருக்கிறது, பூப்பறிக்கப் போகலாமா என்று கேட்கிற அந்தப் பாட்டு, அதே மூச்சில் விமானம் பார்க்கலாமா என்றும் கேட்கிறது. இருளர் மொழி தமிழுக்கு நெருங்கிய சொந்தம். நமக்கு உரை தேவையில்லை. மரத்தில் பூ, அதற்கும் மேலே விமானம். அண்ணாந்த கண் கீழே இறங்காமலே ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குப் போகிறது. இப்படி இரண்டையும் பக்கத்தில் வைக்கத் தெரிவதுதான் பாட்டுக் கட்டுகிறவரின் கைத்திறன். இது ஊர்ச் சொத்து, வழிவழியாக வந்த பாணி, ஒருவர் பெயரில் எழுதலாமா என்று கேட்பார்கள். நியாயமான கேள்விதான். ஆனால் விமானம் முப்பாட்டன் காலத்துச் சரக்கு அல்லவே. அதைப் பாட்டுக்குள் கொண்டுவர இந்தக் காலத்து வாய் ஒன்று வேண்டியிருந்தது. அமெரிக்க நாட்டுப்புறப் பாடகர் வுடி கத்ரி பழைய மெட்டுகளை எடுத்துப் புதுச் சொற்களைப் பொருத்தினார். அவரைப் பாடலாசிரியர் என்றழைக்க யாரும் தயங்கவில்லை. பயிற்சி இல்லை என்கிறவர்களுக்கு அமெரிக்கப் பாடலாசிரியர் இர்விங் பெர்லினின் உதாரணமே போதும். இசைக்குறிப்பு வாசிக்கத் தெரியாத அவர், பியானோவில் பெரும்பாலும் கறுப்புக் கட்டைகளிலேயே வாசித்து, பக்கத்தில் ஆள் வைத்து எழுதிக்கொள்ளச் சொன்னார். 'ஒயிட் கிறிஸ்துமஸ்' பாட்டுக்கு அவருக்கு ஆஸ்கர் கிடைத்தது.

படத்தில் ஜேக்ஸ் பிஜாயின் இசையமைப்பு இல்லாமல் நஞ்சியம்மாவின் பாட்டு இத்தனை தூரம் போயிருக்காது என்பது உண்மை. அதற்காக, மூலத்தைக் கட்டியவரை வெறும் குரலாகக் குறுக்கிவிட முடியாது. மேடையிலும் வானொலியிலும் தொகுப்பிலும் பழங்குடிப் பாட்டு வரும்போது 'நாட்டுப்புறப் பாடல்' என்று பொத்தாம்பொதுவாகப் போடும் பழக்கம் நம்மிடம் இருக்கிறது. கட்டியவர் யாரென்று தெரிந்த இடத்தில் அந்தப் பெயரைப் போடட்டும். சன்மானமும் அந்தப் பெயருக்கே போகட்டும்.