உமிழ்நீர்ச் சோதனை: எதைச் சொல்லும், எதைச் சொல்லாது?

சிறு குழாயில் உமிழ்நீரைச் சேகரித்து அனுப்பினால், நம் முன்னோர் எப்பகுதியினர், நமக்கு எந்நோய் வரக்கூடும் எனத் தெரிவிக்கும் மரபணுச் சோதனைகளை இன்று இணையத்தின் வழியே எவரும் வாங்கலாம். அத்தகைய அறிக்கையைப் பெறுவோர் அறிய வேண்டியவற்றை இங்கே விளக்குகிறோம்.

முன்னோர் பற்றி

அறிக்கையில் காணும் விழுக்காடு ஒரு மதிப்பீடே. நிறுவனம் தன்னிடமுள்ள, இக்கால மக்களின் மரபணுத் தொகுப்போடு உங்களுடையதை ஒப்பிடுகிறது. தொகுப்பு விரிவடைந்தால் விழுக்காடும் மாறும். ஆதிச்சநல்லூர்த் தாழிகளில் புதைக்கப்பட்டோர் நம் முன்னோரா என்னும் ஆவல் நம் பகுதியினருக்கு இயல்பே. அதனை அறிய அப்பழைய எலும்புகளிலிருந்தே மரபணுவைப் பிரித்து ஒப்பிட வேண்டும்.

‘இல்லை’ என்று வந்தால்

மனித மரபணுத் தொகுதியில் ஏறத்தாழ 300 கோடி எழுத்துகள் உள்ளன. இச்சோதனைகளில் பெரும்பாலானவை அவற்றுள் சில லட்சம் இடங்களை மட்டுமே படிக்கின்றன. 2018ஆம் ஆண்டு அமெரிக்க உணவு மற்றும் மருந்து நிர்வாகம், மார்பகப் புற்றுநோய் தொடர்பான பி.ஆர்.சி.ஏ. மரபணுக்களில் மூன்று மாற்றங்களைக் கண்டறிய 23அண்ட்மீ நிறுவனத்திற்கு அனுமதி வழங்கியது. அம்மூன்றும் அஷ்கெனாசி யூதரிடம் மிகுதியாகக் காணப்படுபவை. ஆனால் அம்மரபணுக்களில் அறியப்பட்ட மாற்றங்களோ ஆயிரத்திற்கும் மேற்பட்டவை. ஆகவே, தாய்க்கும் சகோதரிக்கும் இந்நோய் வந்த ஒரு தமிழ்ப் பெண், ‘இல்லை’ என்னும் முடிவைக் கண்டு பரிசோதனையைத் தவிர்ப்பது ஆபத்தானது.

‘உண்டு’ என்று வந்தால்

இதயத் தசைக்குரிய ஒரு மரபணுவில் 25 எழுத்துகள் விடுபட்ட நிலை, இந்தியத் துணைக்கண்டத்தினரில் ஏறத்தாழ 4 விழுக்காட்டினரிடம் இருப்பதை 2009ஆம் ஆண்டு வெளிவந்த ஆய்வு காட்டியது. மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தினரும் ஐதராபாத் செல் மற்றும் மூலக்கூறு உயிரியல் மைய அறிவியலாளர்களும் அதில் பங்கேற்றனர். இம்மாற்றம் உடையோர்க்கு இதயத் தசைநோய் வரும் வாய்ப்பு கூடுதல். எனினும் பலர் நடுவயது வரை எத்தொல்லையுமின்றி வாழ்கின்றனர். எனவே அஞ்ச வேண்டியதில்லை. எக்கோ பரிசோதனையும் மருத்துவரின் கண்காணிப்பும் தேவை.

உறவுமுறைத் திருமணம்

தாய்மாமனையோ அத்தை மகனையோ மணந்தோரிடம், வெளியே தெரியாத ஒரே மரபணுக் குறை இருவருக்கும் இருக்கும் வாய்ப்பு அதிகம். அவ்வாறு இருப்பின் ஒவ்வொரு கருவிலும் நோய்க்கான வாய்ப்பு நான்கில் ஒன்று. இதற்குக் கடைச் சோதனை போதாது. கருவுறுவதற்கு முன்பே மரபணு ஆலோசனை பெறுக.

நினைவில் கொள்க

• 23அண்ட்மீ நிறுவனத்தில் 2023இல் ஏறத்தாழ 69 லட்சம் பேரின் தகவல்கள் கசிந்தன. உங்கள் மரபணுவில் உடன்பிறந்தோரின் தகவலும் அடங்கியுள்ளது. குடும்பத்தாருடன் கலந்து பேசி முடிவெடுங்கள்.

• அறிக்கையை நம்பி மருந்தை நிறுத்தவோ மாற்றவோ வேண்டாம். சிகிச்சைக்கு முன், அம்முடிவை மருத்துவ ஆய்வகத்தில் உறுதிசெய்தல் வேண்டும்.

• பெற்றோர், உடன்பிறந்தோர், தாத்தா பாட்டியர்க்கு வந்த நோய்களையும் அவை தொடங்கிய வயதையும் எழுதி எடுத்து வாருங்கள். பல வேளைகளில் அத்தாளே எங்களுக்குக் கூடுதலாக உதவுகிறது.

• மார்பில் கட்டி, நெஞ்சுவலி, மயக்கம் இருப்பின் எந்த அறிக்கைக்கும் காத்திராமல் உடனே வாருங்கள்.