தொட்டிற் போர்வையிற் பிறந்த கலை

பல ஆண்டுகளுக்கு முன்னர், பாடசாலையொன்றின் சித்திரக் கண்காட்சிக்கு நடுவராகச் சென்றிருந்தேன். மாணவியொருத்தி பல நிறத் துணித்துண்டுகளை இணைத்துத் தைத்த விரிப்பொன்றைச் சித்திர மேசையில் வைத்திருந்தாள். “இது சித்திரமன்று, தையல்” என்று கூறி, அதனைத் தையல் வேலைகள் இருந்த மூலைக்கு அனுப்பிவிட்டேன். அவள் மறுத்து ஒன்றும் சொல்லவில்லை. அந்தத் தீர்ப்புப் பிழையானது என்பதைப் பின்னாளில் எனக்கு உணர்த்தியது சோனியா டெலோனே என்னும் ஓவியரின் வாழ்க்கை.

1885ஆம் ஆண்டு, அன்று ருஷியப் பேரரசுக்கு உட்பட்டிருந்த உக்ரேனில், எளிய யூதக் குடும்பமொன்றிற் பிறந்தவர் அவர். பெற்றோர் இட்ட பெயர் சாரா. சென்ட் பீற்றர்ஸ்பேர்க் நகரில் செல்வாக்கோடு வாழ்ந்த தாய்மாமன் அவரைச் சிறுவயதிலேயே அழைத்துச் சென்று வளர்த்தார். சோனியா என்ற பெயரும் பல மொழிப் பயிற்சியும் அங்கே வாய்த்தன. 18 வயதில் ஜேர்மனியின் கார்ள்ஸ்றூ நகருக்கு ஓவியம் பயிலச் சென்றார். அதன்பின் பாரிஸ் நகரை அடைந்தார். ஊருக்குத் திரும்புமாறு வீட்டார் வற்புறுத்தினர். 1908இல் வில்ஹெல்ம் ஊடே என்னும் கலை வணிகரை மணந்தமை, அவர் பாரிஸிலேயே தங்குவதற்கு வழிசெய்தது. அம்மணம் நீடிக்கவில்லை. 1910இல் ஓவியர் ரொபேர் டெலோனேயை அவர் மணந்தார்.

1911இல் மகன் ஷார்ல் பிறந்தான். குழந்தையின் தொட்டிலுக்கென்று, உக்ரேன் நாட்டு உழவர் வீடுகளிற் கண்ட முறையை நினைந்து, துணித்துண்டுகளை இணைத்து ஒரு போர்வை தைத்தார் சோனியா. ஏறத்தாழ ஒரு மீற்றர் நீளமுள்ள சிறு போர்வை அது. தைத்து முடித்துப் பார்த்தபோது, பாரிஸின் புதிய ஓவியர்கள் தேடிக்கொண்டிருந்த கோலம் அதிலே அமைந்திருக்கக் கண்டார். அதே முறையைப் பிற பொருள்களிலும் ஓவியத்திலும் கையாளத் தொடங்கினார்.

நிறங்கள் தனித்து நிற்பதில்லை. அயல் நிறத்தால் மாறுகின்றன. பச்சைக்கு அருகே வைத்த சிவப்பு மேலும் சிவந்து தோன்றும். சாயத் தொழிலோடு தொடர்புடைய செவ்ரோல் என்ற பிரெஞ்சு இரசாயன அறிஞர் 19ஆம் நூற்றாண்டிலேயே ஆராய்ந்து கூறிய உண்மை இது. இதனையே டெலோனே தம்பதியர் தம் கலைக்கு அடிப்படையாகக் கொண்டனர். 1913இல் சுவிட்சர்லாந்திற் பிறந்த கவிஞர் பிளேஸ் சந்த்ரார் எழுதிய நெடுங்கவிதையொன்றைச் சோனியா வண்ணங்களோடு இணைத்தார். விரித்தால் இரண்டு மீற்றர் நீளும் மடிப்பு நூல் அது. 150 பிரதிகளையும் ஒன்றன் கீழ் ஒன்றாக இணைத்தால் ஈபெல் கோபுரத்தின் உயரம் வரவேண்டும் என்பது அவர்கள் போட்ட திட்டம்.

1914இல் போர் மூண்டபோது தம்பதியர் ஸ்பெயினில் இருந்தனர். அதுவரை ருஷியாவிலிருந்து வந்த வாடகைப் பணமே அவர்களுடைய வாழ்வுக்கு ஆதாரம். 1917ஆம் ஆண்டுப் புரட்சியோடு அது நின்றது. பிறந்த நாட்டோடிருந்த அந்தக் கொடியும் அறுந்தபின், குடும்பத்தைத் தாங்கியது சோனியாவின் கைத்தொழில்தான். 1918இல் தியாகிலெவ்வின் நாட்டியக் குழுவுக்கு ஆடைகள் வரைந்தார். மட்ரிட் நகரில் கடை நடத்தினார். பாரிஸுக்கு மீண்டபின், 1925ஆம் ஆண்டின் அலங்காரக் கலைக் கண்காட்சியில் அவருடைய ஆடைகளுக்கெனத் தனிக் கடை அமைந்தது. 1927இல் சோர்போன் பல்கலைக்கழகத்தில், ஓவியம் உடைக்கலையில் விளைத்த மாற்றத்தைப் பற்றி உரையாற்றினார்.

எனினும் உலகம் நெடுங்காலம் அவரை ‘ஓவியரின் மனைவி’ என்றே கணித்தது. கணவர் ஓவியம் தீட்டினார். இவர் துணி வரைந்தார். இரண்டும் ஒரே சிந்தனையின் இரு கிளைகள் என்பதைச் சிலரே கண்டனர். 1941இல் ரொபேர் மறைந்தபின், அவர் புகழை நிலைநாட்டுவதிலேயே சோனியா பல ஆண்டுகளைச் செலவிட்டார். 1964இல் இருவரது படைப்புகளும் லூவர் அரும்பொருளகத்தில் வைக்கப்பட்டபோது, வாழ்நாளிலேயே அங்கு காட்சிபெற்ற முதற் பெண் ஓவியர் என்னும் பெருமை அவருக்குக் கிட்டியது. அப்பொழுது அவருக்கு வயது 78. 1979இல், 94 வயதிற் பாரிஸிலே காலமானார்.

அந்தத் தொட்டிற் போர்வை இன்று பாரிஸின் நவீன கலைக்கூடத்துச் சேகரிப்பில், ஓவியங்களோடு ஓவியமாக இடம்பெற்றுள்ளது. அதன் படத்தை ஒரு நூலில் முதன்முதலாகப் பார்த்தபோது, எனக்கு அந்த மாணவியின் முகமே நினைவுக்கு வந்தது. அவள் பெயரை நான் அன்று கேட்கவுமில்லை. அதன்பின் அவள் ஊசியை எடுத்தாளோ, தூரிகையை எடுத்தாளோ, இரண்டையும் கைவிட்டாளோ அறியேன். சித்திரம் கற்பிக்கும் அன்பர்களை ஒன்று வேண்டுவேன்: ஒரு பிள்ளை கொண்டுவந்த பொருள் எந்த மேசைக்கு உரியது என்று தீர்ப்பதற்கு முன்னர், அதன் நிறங்களைச் சற்று நேரம் நின்று பாருங்கள். நான் அன்று செய்யத் தவறியது அதுவே.