சிங்கத்திடம் அன்பு காட்டியவர்

சிங்கப்பூர் மண்டாய் மிருகக்காட்சி சாலைக்குப் போயிருக்கிறீர்களா? அங்கே பல மிருகங்களுக்கும் நமக்கும் நடுவில் இரும்புக் கம்பிகள் இல்லை, அகழிதான் காவல். இந்த ஏற்பாட்டை உலகுக்குப் பிரபலமாக்கியவர், ஜெர்மனியின் ஹம்பர்க் நகரில் 1844-ல் பிறந்த கார்ல் ஹாகன்பெக்.

அவருடைய தகப்பனார் மீன் வியாபாரி. 1848-ல் மீனவர்களின் வலையில் ஆறு கடல்நாய்கள் சிக்கின. தகப்பனார் அவற்றைத் தொட்டியில் விட்டு, காசு வாங்கிக்கொண்டு வேடிக்கை காட்டினார். அந்தச் சில்லறை வருமானம், மகன் காலத்தில் உலகமெங்கும் காட்டு மிருகங்களை விற்கும் பெரு வியாபாரமாகிவிட்டது.

அந்நாளில் சிங்கத்தைப் பழக்குவதென்றால் சவுக்கடி, பழுக்கக் காய்ச்சிய இரும்பு! ஹாகன்பெக்குக்கு அது பிடிக்கவில்லை. ஒவ்வொரு மிருகத்துக்கும் ஒரு குணம் உண்டென்று பார்த்து, சொன்னதைச் செய்தால் ஒரு துண்டு இறைச்சி கொடுத்துப் பழக்கினார். அப்படிப் பழகிய மிருகங்களை 1893-ல் சிக்காகோ கண்காட்சியில் ஜனங்கள் கண்டு வியந்தார்கள்.

பிறகு, எந்த மிருகம் எவ்வளவு தூரம் தாண்டும் என்று சோதித்து அளந்தார். அதற்கேற்ப அகழி வெட்டி, செயற்கைப் பாறைகள் கட்டி, 1907-ல் ஹம்பர்க் அருகே ஸ்டெல்லிங்கனில் தம் மிருகக்காட்சி சாலையைத் திறந்தார். இன்றைய மிருகக்காட்சி சாலைகள் பலவற்றுக்கு அதுவே முன்மாதிரி.

இவ்வளவும் புகழ வேண்டியதுதான். ஆனால் இதே மனிதர் மனிதர்களையும் காட்சிக்கு வைத்தார் என்றால் நம்புவீர்களா? தூர தேசத்து மக்களைக் குடும்பம் குடும்பமாகக் கொண்டுவந்து, குடிசை போட்டு உட்காரவைத்து, நுழைவுச் சீட்டு விற்றார்.

1880-ல் கனடாவின் லாப்ரடார் கரையிலிருந்து அவருக்காக எட்டுப் பேர் அழைத்து வரப்பட்டார்கள். அவர்களில் ஆப்ரகாம் என்பவர் எழுதப் படிக்கத் தெரிந்தவர், வயலின் வாசிப்பவர். கடனை அடைக்கலாம் என்றுதான் மனைவி மக்களோடு கப்பலேறினார். (கடனுக்காகக் கடல் கடந்த கதை நமக்குப் புதிதா என்ன?) பெர்லின் மிருகக்காட்சி சாலையில் அவர்களைப் பார்க்கக் கூட்டம் முண்டியடித்தது.

புறப்பட்டு வந்தவர்களுக்கு உரிய காலத்தில் அம்மை குத்தவில்லை. பெரியம்மை கண்டு ஒருவர் பின் ஒருவராக மாண்டார்கள். 1881 ஜனவரி முடிவதற்குள் எட்டுப் பேரில் ஒருவர்கூட மிஞ்சவில்லை, கைக்குழந்தையும் போயிற்று.

ஆப்ரகாம் தம் தாய்மொழியில் நாட்குறிப்பு எழுதி வந்தார். அதன் மொழிபெயர்ப்பை இன்றும் படிக்கலாம்.