ஒலிப்பதிவும் எழுத்துப்படியும்: கணினி எழுத்தரை எவ்வளவு நம்பலாம்?

கல்வியைச் செவியால் வாங்கி நாவால் வழங்கிய சமுதாயம் நம்முடையது. ஏடும் அச்சும் பெருகிய பின்னரும், ஆசிரியர் ஓத மாணவர் கேட்பதே அரபுக் கல்லூரிகளில் பாடத்தின் உயிர்நாடியாக இருந்து வருகிறது. அந்தக் குரல் இன்று கைப்பேசிக்குள் புகுந்திருக்கிறது.

புதுக்கோட்டை மாவட்டத்தின் கடலோர ஊர்களான கோட்டைப்பட்டினம், அம்மாப்பட்டினம், ஜெகதாப்பட்டினம், மீமிசல் ஆகியவற்றிலிருந்து பிழைப்புத் தேடி அயல்நாடு சென்றோர் முன்பு கடிதம் எழுதினர். பின்னர் ஒலிநாடாவில் பேசி அனுப்பினர். இப்போது வாட்ஸ்அப்பில் குரற்செய்தி அனுப்புகின்றனர். கொடுக்கல் வாங்கல், வஸிய்யத், மார்க்கத் தீர்ப்பு வேண்டும் வினா, மூத்தோர் சொல்லும் குடும்ப வரலாறு ஆகிய அனைத்தும் அவற்றில் அடங்கியுள்ளன. இவற்றை எழுத்தாக்கிப் பாதுகாக்கக் கணினி உதவுமா? உதவும். ஆனால், கணினி தந்த எழுத்தை ஒருவரின் கூற்றாக ஏற்கலாமா என்பது வேறு வினா. அதனை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

கணினி கேட்கும் முறை

1952-இல் அமெரிக்காவின் பெல் ஆய்வகம் உருவாக்கிய கருவி, ஒருவர் நிறுத்தி நிறுத்திச் சொல்லும் எண்களை மட்டுமே இனங்கண்டது. இன்றைய மென்பொருள்களின் போக்கு வேறு. எடுத்துக்காட்டாக, ஓபன்ஏஐ நிறுவனம் 2022 செப்டம்பரில் வெளியிட்ட ‘விஸ்பர்’ என்னும் மென்பொருளைக் கொள்வோம். அது ஒலிப்பதிவை 30 விநாடித் துண்டுகளாகப் பகுக்கிறது. ஒவ்வொரு துண்டிலும் எந்த அதிர்வெண் எவ்வளவு வலிமையுடன் ஒலிக்கிறது என்பதை ஒரு படமாக மாற்றுகிறது. பின்னர், அப்படத்தையும் தான் ஏற்கெனவே எழுதிய சொற்களையும் சேர்த்து நோக்கி, அடுத்து எது வரக்கூடும் என்று கணிக்கிறது.

‘கணிக்கிறது’ என்பதே இங்கு முதன்மையான சொல். செவியில் விழுந்ததை மட்டும் எழுதும் எழுத்தர் அல்லர் இவர். விழாததைப் பழக்கத்தால் நிரப்பிக் கொள்பவர்.

அந்தப் பழக்கம் எங்கிருந்து வந்தது? விஸ்பரைப் பயிற்றுவிக்க 6,80,000 மணி நேர ஒலி பயன்பட்டது. அதில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு ஆங்கிலம். நம் நாட்டு மொழிகளுக்கான முயற்சிகளும் நடந்துள்ளன. சென்னை ஐ.ஐ.டி.யைச் சார்ந்த ‘ஏஐ ஃபார் பாரத்’ ஆய்வுக்குழு, அகில இந்திய வானொலியின் செய்தி அறிக்கைகளைக் கொண்டு 12 மொழிகளில் 6,400 மணி நேரத்திற்கு மேற்பட்ட ‘ஷ்ருதிலிபி’ தொகுப்பை உருவாக்கியது. 2024-இல் அக்குழு வெளியிட்ட ‘இண்டிக்வாய்ஸஸ்’, 22 மொழிகளில், 145 மாவட்டங்களைச் சேர்ந்த 16,237 பேரின் 7,348 மணி நேரப் பேச்சைத் திரட்டியது. அதில் நான்கில் மூன்று பங்களவு முன்தயாரிப்பின்றி இயல்பாகப் பேசியது. இவ்வேறுபாடு சிறிதன்று. செய்தி வாசிப்பவரின் தமிழைக் கேட்டுப் பழகிய கணினி, அறந்தாங்கிச் சந்தையில் பேசும் தமிழை அறியாது.

மூவகைப் பிழைகள்

கணினி எழுத்தின் பிழைகளை வல்லுநர்கள் மூன்றாகப் பிரிப்பர்: ஒரு சொல்லுக்கு மாற்றாக வேறு சொல் வருதல், சொல் விடுபடுதல், சொல்லாத சொல் நுழைதல். ஹதீஸ் கலையைக் கற்றோர்க்கு இவை புதியன அல்ல. எழுத்துருவம் மயங்கிச் சொல் மாறுவதைத் ‘தஸ்ஹீஃப்’ என்றும், விடுபடுவதை ‘ஸக்த்’ என்றும், அறிவிப்பாளரின் சொல் மூலத்துள் கலப்பதை ‘இத்ராஜ்’ என்றும் நம் இமாம்கள் பெயரிட்டு ஆராய்ந்துள்ளனர்.

முதல் வகை: தமிழில் ல, ள, ழ பலர் நாவில் ஒன்றாக ஒலிக்கின்றன. வலி, வழி, வளி என்பவற்றைச் சூழல் கொண்டே பிரிக்க வேண்டும். நம் வழக்கிலுள்ள அரபுச் சொற்களோ கணினிக்கு மேலும் அந்நியமானவை. ‘மஹர் கொடுத்தாக’ என்பது ‘மகள் கொடுத்தாக’ என்று மாறவும், ‘அத்தா’ ‘அத்தை’யாகவும் இடமுண்டு. இம்மாவட்டத்தில் ‘வந்தாக’ என்பது ‘வந்தார்கள்’ என்னும் மரியாதைச் சொல். எழுத்துத் தமிழிலோ ‘வந்தாக’ என்றால் அடுத்து ‘வேண்டும்’ என்பதே பெரும்பாலும் வரும். பழக்கத்தால் கணிக்கும் கருவி அதனைச் சேர்த்துவிட்டால், நடந்து முடிந்த செய்தி கட்டளையாகிவிடும்.

இரண்டாம் வகை: பேச்சுத் தமிழில் பல வினைச்சொற்களின் எதிர்மறைப் பொருள் ‘லை’ என்னும் ஒரே எழுத்தின் மீது நிற்கிறது. ‘கொடுக்கலை’, ‘சொல்லலை’, ‘வாங்கலை’ என்பவற்றின் இறுதி ஒலி, காற்றிரைச்சலில் எளிதில் தேய்ந்து போகும். ‘அந்த நிலத்தை எழுதிக் கொடுக்கலாம்னு சொல்லலை’ என்பதில் கடைசி ஒலி கெட்டு ‘சொன்னேன்’ என்று எழுதப்பட்டால், வாரிசுரிமையே புரண்டுவிடும். தலாக் பற்றிய வினாவில் இவ்வாறு நேர்ந்தால் விளைவு என்ன என்பதை விளக்க வேண்டியதில்லை.

மூன்றாம் வகையே மிக அஞ்சத்தக்கது. விஸ்பரின் எழுத்துப்படிகளை ஆராய்ந்து அமெரிக்க ஆய்வாளர்கள் 2024-இல் வெளியிட்ட ஆய்வொன்று, ஏறத்தாழ நூற்றுக்கு ஒரு துண்டில் எவருமே பேசாத தொடர்கள் புனையப்பட்டிருந்ததைக் கண்டது. பேச்சில் நீண்ட இடைவெளி விடுவோரின் பதிவுகளில் இது மிகுதியாக இருந்தது. நம் முதியோர் நினைவைத் துழாவி, மூச்சு வாங்கி, நிறுத்தி நிறுத்திப் பேசுபவர்கள் என்பதை இங்கு எண்ணிப் பார்க்க வேண்டும். ஒருவர் சொல்லாததை அவர் சொன்னதாக எழுதுவது எத்தகைய குற்றம் என்பதை நம் சமுதாயம் அறியும்.

களைத்துப்போன மனித எழுத்தர் புரியாத இடத்தில் வெற்றிடம் விடுவார். ஹதீஸ் அறிவிப்பாளர்கள் சொல்லில் ஐயம் ஏற்பட்டால் ‘அவ் கமா கால’, அதாவது ‘அல்லது அவர்கள் கூறியவாறு’ என்று சேர்த்துச் சொல்வது மரபு. கணினி தரும் எழுத்துப்படியில் அத்தகைய ஐயம் கண்ணுக்குத் தென்படுவதில்லை. தவறும் சரியும் ஒரே ஒழுங்கான நடையில் வரிசையாக நிற்கின்றன.

முகாபலா என்னும் மருந்து

யமாமா போரில் குர்ஆனை மனனம் செய்தோர் பலர் ஷஹீதான பின், அதனை ஒன்றுதிரட்டும் பணி ஸைத் இப்னு ஸாபித் (ரலி) அவர்களிடம் ஒப்படைக்கப்பட்டது. அவர்களே ஹாஃபிழாக இருந்தும், தம் நினைவை மட்டும் நம்பாமல் எழுத்தையும் பிறர் மனனத்தையும் ஒப்பிட்டார்கள். பிற்கால ‘இம்லா’ அவைகளில் ஆசிரியர் சொல்ல மாணவர் எழுதினர். தொலைவில் இருந்தோர்க்கு ‘முஸ்தம்லீ’ உரக்க எடுத்துரைத்தார். இதன் ஒழுங்குகளுக்கென்றே அபூ ஸஅத் அஸ்ஸம்ஆனி (மறைவு ஹிஜ்ரி 562 / கி.பி. 1166) தனி நூல் இயற்றினார். எழுதியதை மூலத்துடன் ஒப்பிடும் ‘முகாபலா’ முடியும் வரை, படி முழுமை பெறாது என்பதே அறிஞர்களின் கருத்து.

இம்முறையைக் கணினி எழுத்துக்கும் அப்படியே கொள்ளலாம். முதலாவதாக, குரற்செய்தியைக் கைப்பேசியிலிருந்து கணினிக்கு மாற்றி, பேசியவர், நாள், ஊர் ஆகியவற்றைக் கோப்பின் பெயரிலேயே குறிக்க வேண்டும். எழுத்துப்படி வந்துவிட்டது என்பதற்காக மூல ஒலியை அழித்தல் கூடாது, அஸல் அதுவே.

இரண்டாவதாக, குடும்பச் செய்திகள் அமானிதம். விஸ்பர் போன்றவற்றைக் கட்டணமின்றிப் பெற்று, இணையத் தொடர்பின்றி நம் கணினியிலேயே இயக்க முடியும். பிறர் நிறுவனத்தின் கணினிக்கு அனுப்புவதாயின் பேசியவரின் இசைவு வேண்டும்.

மூன்றாவதாக, ஒருவர் ஒலியைக் கேட்க, மற்றொருவர் படியைப் பார்த்து வர வேண்டும். பெயர், தொகை, தேதி, எதிர்மறைச் சொல், அரபுச் சொல் ஆகிய ஐந்திடங்களில் நிறுத்தி மீண்டும் கேட்க வேண்டும். தெளியாத இடத்தில் ஊகிக்காமல் புள்ளியிட்டு விடவேண்டும். ‘வந்தாக’ என்பதை ‘வந்தார்கள்’ என்று திருத்த விரும்பினால் அது தனிப்படியாக இருக்கட்டும்.

நான்காவதாக, பேசியவர் உயிருடன் இருப்பின் அவருக்கே படித்துக் காட்ட வேண்டும். பழைய கையெழுத்துப் பிரதிகளின் இறுதியில் யார் ஓதினார், யார் கேட்டார், எங்கே, எந்நாள் எனக் காணும் ‘ஸமாஅ’ குறிப்பைப் போல, எழுத்துப்படியின் அடியில் எழுதிய மென்பொருளையும் ஒப்பிட்டவர் பெயரையும் நாளையும் பதிய வேண்டும். இந்த ஒரு வரி இல்லாத படியைத் தீர்ப்புக்கோ வழக்குக்கோ ஆதாரமாக எவரும் கொள்ளலாகாது.

முடிவுரை

ஒரு மணி நேர உரையைக் கையால் எழுதுவதற்கு நாள் முழுதும் ஆகலாம்; கணினி அதற்கு நிமிடங்களே எடுத்துக்கொள்கிறது. இந்த வசதியை மறுப்பது அறிவுடைமை ஆகாது. ஆயினும், அறிவிப்பாளரிடம் நாம் தேடும் அதாலத் என்னும் நேர்மையை எண்ணமற்ற கருவியிடம் தேட முடியாது. ளப்த் என்னும் துல்லியமோ இன்னும் குறையுடையது. எனவே கணினி நமக்குக் காத்திபாக இருக்கட்டும். சாட்சியாக வேண்டியவர் மனிதரே. நம் ஊர்ப் பெரியவர்களின் குரல்கள் கைப்பேசி மாறும்போதெல்லாம் அழிந்து வருகின்றன. அரபுக் கல்லூரி மாணவர்கள் விடுமுறையில் ஆளுக்கொரு முதியவரின் பதிவை எடுத்துக்கொண்டு இருவர் இருவராக அமர்ந்து ஒப்பிட்டால், முகாபலாவின் பயிற்சியும் கிட்டும். ஊரின் வரலாறும் பிழையின்றி நிற்கும்.