றம்பொடையில் பிறந்த ராசம்மா

நுவரெலியாவிலிருந்து கண்டிக்குப் பஸ்ஸில் இறங்கும் சகோதரிகளுக்கு றம்பொடை நீர்வீழ்ச்சி நன்றாகத் தெரியும். முதல் சிங்களப் பேசும்படத்தின் கதாநாயகி அந்த ஊரில் பிறந்த தமிழ்ப் பெண் என்பது நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்? ருக்மணி தேவி என்றதும் அவரைச் சிங்களப் பெண் என்றே பலர் நினைக்கின்றோம்.

இயற்பெயர் டெய்சி ராசம்மா டானியல்ஸ். 1923 ஜனவரி 15ஆம் திகதி தமிழ்க் கிறிஸ்தவக் குடும்பம் ஒன்றில் பிறந்தார். பின்னர் குடும்பம் கொழும்புக்குக் குடிபெயர்ந்தது. பள்ளிக்கூட வயதிலேயே சிங்கள மேடையில் சீதையாக நடித்தார். 1938இல் வெளிவந்த அவரது முதல் இசைத்தட்டு, புத்தகயா விகாரையைப் போற்றும் சிங்களப் பாடல். பாடியவர் 15 வயதுத் தமிழ்க் கிறிஸ்தவச் சிறுமி!

வன்னியிலிருந்து இடம்பெயர்ந்து வந்து ஹட்டன் பக்கம் உறவினரின் லயத்தில் தங்கியிருந்த சகோதரி ஒருவரிடம் இதைச் சொன்னேன். "எனக்குச் சிங்களம் வராததாலதான் கடையில வேலை கிடைக்கல மிஸ். இவங்களுக்கு யாரு சொல்லிக் குடுத்தாங்க?" என்று கேட்டார். கொழும்பு வாழ்க்கையும் நாடக மேடையும்தான் என்றேன். அந்த வாய்ப்பு எல்லோருக்கும் கிடைப்பதில்லை என்பதும் உண்மையே.

பி.ஏ.டபிள்யூ. ஜயமான்னவின் மினர்வா நாடகக் குழுவில் அவர் முக்கிய நடிகையானார். அக்குழுவின் 'கடவுணு பொரொந்துவ' நாடகமே 1947 ஜனவரியில் முதல் சிங்களப் பேசும்படமாக வெளிவந்தது. தயாரித்தவர் எஸ்.எம். நாயகம் என்ற தமிழர். படம் பிடிக்கப்பட்டது மதுரையில். உடன் நடித்த நகைச்சுவை நடிகர் எடி ஜயமான்னதான் ருக்மணியின் கணவர். றம்பொடையில் பிறந்த பெண்ணை நாடே கொண்டாடியது. மறு ஆண்டு, 1948இல் வந்த குடியுரிமைச் சட்டம், அதே மலைகளில் கொழுந்து பறித்த இலட்சக்கணக்கானோரை நாடற்றவர்களாக்கியது. இவ்விரண்டையும் சேர்த்துப் பார்க்காமல் என்னால் இருக்க முடியவில்லை.

நூறு படங்களுக்குக் கிட்ட நடித்தார் என்பார்கள். ஆனால் வயது ஏற ஏறக் கதாநாயகி வேடம் போய்த் துணைப் பாத்திரங்கள் வந்தன; பின்பு அவையும் குறைந்தன. தோட்டத்தில் பெயர் பதிந்து வேலை செய்தவருக்குக் கடைசியில் ஊழியர் சேமலாப நிதியாவது கைக்கு வரும். படத்துக்குப் படம் கூலி பேசும் நடிகைக்கு என்ன இருக்கிறது? குரல் இருந்தது. ஊர் ஊராகச் சென்று களியாட்ட விழாக்களிலும் இசை நிகழ்ச்சிகளிலும் பாடினார். திரையின் ராணி கார்னிவல் மேடைக்கு வந்துவிட்டாரே என்று இரங்கியவர்களும் உண்டு. எனக்கு அதில் இரக்கப்பட எதுவும் தெரியவில்லை. உழைக்கத் தெரிந்தவர் உழைத்தார். அந்த வயதிலும் இரவுப் பயணம் செய்துதான் பிழைக்க வேண்டியிருந்தது என்பதுதான் வேதனை.

1978 ஒக்டோபர் 28ஆம் திகதி. மாத்தறை உயன்வத்தை மைதானத்தில் பாடிவிட்டு நீர்கொழும்பிலுள்ள வீட்டுக்குத் திரும்பிக்கொண்டிருந்தார். மாத்தறை தெற்குக் கரையோரம். நீர்கொழும்பு கொழும்புக்கும் அப்பால். வீட்டை நெருங்கும் வேளையில், ஜா-எலவுக்கு அருகே துடெல்லவில் வாகன விபத்தில் உயிரிழந்தார். வயது 55.

ஆறு மாதம் கழித்து, 1979 ஏப்ரலில், இலங்கையில் தொலைக்காட்சி தொடங்கியது. அதன் பிறகு வந்த தொலைக்காட்சி நாடகங்களில் வயதான நடிகைகளுக்குத் தாயாகவும் பாட்டியாகவும் வருடக்கணக்கில் வேலை கிடைத்தது.